பன்றிப் பல்லில் மனித சரித்திரம்

மனிதனுடைய ஆதி சரித்திரத்தைப் பற்றிப் பேச்செழும்போது நம்முடைய கவனமெல்லாம் மண்டையோடுகளின் மீதே செல்வது இயற்கை. மூளையின் அளவு என்ன, தாடை எவ்வளவு துருத்திக்கொண்டிருந்தது, தொடையெலும்பு நிமிர்ந்து நடப்பதற்கு ஏற்றதாய் இருந்ததா என்றெல்லாம் அளந்து பார்த்து, அந்தப் பிராணி வாலில்லாக் குரங்குக்கு எவ்வளவு அருகில் நின்றது, நமக்கு எவ்வளவு அருகில் வந்து சேர்ந்தது என்று தீர்மானிப்பதோடு நம் ஆவல் அடங்கிவிடுகிறது. ஆனால், தான் வாழ்ந்த தேசம் அடர்ந்த வனமா, புல்வெளியா, ஆற்றங்கரையா, அங்கே மழை எவ்வளவு பெய்தது, பகலில் எந்த மிருகத்தைக் கண்டு ஓடியது, இரவில் எந்த மிருகத்தின் வாயில் அகப்பட்டது என்பவற்றையெல்லாம் ஒரு மண்டையோடு தனித்து நின்று சொல்ல வல்லதன்று. அவற்றைச் சொல்பவை, அதே மண்ணடுக்கில் அதனுடன் புதைந்து கிடக்கும் மான்களும் பன்றிகளும் யானைகளும் எலிகளுமே. எத்தியோப்பியாவில் ஆவாஷ் நதியின் மத்தியப் பகுதியிலுள்ள அராமிஸ் என்னுமிடத்தில், 44 லட்சம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த ஆர்டிபிதேகஸ் ராமிடஸ் என்னும் ஆதி இனத்தின் எலும்புத் துண்டுகள் நூற்றுச் சொச்சமே கிடைத்தன. அவ்விடத்தில் சேகரிக்கப்பட்ட பிற பிராணிகள், தாவரங்கள் ஆகியவற்றின் புதைபடிவங்களோ ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்டவை. அந்த ஒன்றரை லட்சத்தை ஒதுக்கிவிட்டு நூற்றை மட்டும் படிப்பவன் மனித சரித்திரத்தின் முகப்பு அட்டையை மட்டுமே பார்த்தவனாகிறான்.

ஆப்பிரிக்காவில் ஆதி மனிதக் குரங்கின் கதை வெளிப்பட்டதே ஒரு குரங்கின் மண்டையோட்டிலிருந்துதான். 1924-ஆம் ஆண்டில் தென்னாப்பிரிக்காவில் டாவுங் என்னும் ஊரின் சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் கிடைத்த பபூன் குரங்கின் புதைபடிவ மண்டையோடு ஒன்று, ஜோசபின் சால்மன்ஸ் என்ற மாணவியின் மூலமாக, ஜோஹன்னஸ்பர்க் நகரின் விட்வாட்டர்ஸ்ராண்ட் பல்கலைக்கழகத்தில் உடற்கூற்றுப் பேராசிரியராக இருந்த ரேமண்ட் டார்ட்டின் கைக்கு வந்து சேர்ந்தது. அது போன்றவை இன்னும் கிடைத்தால் அனுப்பும்படி அவர் கேட்டுக்கொண்டதன் பயனாக வந்த பெட்டியிலிருந்த பாறைத் துண்டொன்றில்தான், இன்று உலகெங்கும் பிரசித்தமான டாவுங் குழந்தையின் முகம் புதைந்திருந்தது. 1925 பிப்ரவரியில் ஆஸ்திரலோபிதேகஸ் ஆப்பிரிகானஸ் என்று அதற்குப் பெயர் சூட்டி உலகுக்கு அறிவித்த டார்ட், அந்தப் பிராணியின் சுற்றுப்புறத்தைப் பற்றியும் ஓர் அநுமானம் செய்தார். டாவுங் கலஹாரி பாலையின் விளிம்பில் இருக்கிறது. அங்கே அடர்ந்த காடு பல யுகங்களாக இருந்ததில்லை. ஆகவே மரங்களையும் பழங்களையும் நம்பி வாழ முடியாத வறண்ட வெளியில் தன் புத்தியையும் இரண்டு கால்களையும் கொண்டே பிழைக்க வேண்டிய நெருக்கடிதான் குரங்கை மனித வழியில் திருப்பியிருக்க வேண்டும் என்பது அவருடைய கொள்கை. காட்டைவிட்டுப் புல்வெளிக்கு இறங்கிய குரங்கே மனிதனானான் என்று பாடப் புத்தகங்களில் நாம் படித்துவந்த கதைக்கு இது பெரும் பலம் கொடுத்தது. அழகான கதை, ஆனால் டாவுங்கின் பழைய பிராணிகளையும் மண்ணையும் முழுவதும் விசாரித்து எழுதிய தீர்ப்பு அன்று.

டார்ட் பின்னாளில் இதைவிடக் கடுமையான ஒரு முடிவுக்கு வந்தார். மக்கபன்ஸ்காட் என்ற குகையில் ஆயிரக்கணக்கான எலும்புத் துண்டுகள் கிடைத்தன. அவற்றில் பெரும்பாலானவை மான் இனத்தைச் சேர்ந்தவை. அவற்றைப் பொறுமையுடன் எண்ணிப் பார்த்ததில், சில பாகங்கள் ஏராளமாகவும் சில பாகங்கள் மிகச் சொற்பமாகவும் இருப்பதை அவர் கண்டார். உதாரணமாக, மானின் மேற்கையெலும்பில் முழங்கைப் பக்கத்து முனைகள், தோள் பக்கத்து முனைகளைவிடப் பன்மடங்கு அதிகமாக இருந்தன. இவ்விதப் பாகுபாடு தற்செயலாக நேராது, ஆதி மனிதக் குரங்கு வேட்டையாடிக் கொன்ற மிருகங்களின் எலும்புகளில் தனக்குக் கருவியாகப் பயன்படுபவற்றை மட்டும் பொறுக்கிக் குகைக்குள் கொண்டுவந்திருக்க வேண்டும் என்று அவர் வாதித்தார். எலும்பே கதாயுதம், பல்லே கத்தி, கொம்பே ஈட்டி என்றும், மனிதன் பிறவியிலேயே கொலைத் தொழிலன் என்றும் உருவான அந்தச் சித்திரத்தை ராபர்ட் ஆர்ட்ரி என்ற நாடகாசிரியர் 1961-இல் எழுதிய புத்தகம் உலகெங்கும் பரப்பிவிட்டது. இரண்டு உலக யுத்தங்களைக் கண்டு அஞ்சியிருந்த ஒரு தலைமுறைக்கு அது நம்பத் தகுந்ததாகவே தோன்றியிருக்கும்.

இந்த வழக்கில் எதிர்வாதம் செய்தவர் பிரிட்டோரியா நகரின் டிரான்ஸ்வால் மியூசியத்தைச் சேர்ந்த பாப் பிரெய்ன். அவர் வாதத்தைப் புத்தகத்தில் தேடவில்லை. நமீபியாவின் பாலைவனத்தில் குய்செப் நதிக்கரையிலுள்ள ஏழைக் குடியானவர்களின் கிராமங்களில் தேடினார். அங்கே மக்கள் ஆட்டு இறைச்சியைத் தின்று எலும்புகளை எறிவார்கள். நாய்கள் அவற்றைக் கடித்துக் குதறும். மிஞ்சியவை வெயிலில் கிடக்கும். அப்படி மிஞ்சிய எலும்புகளைச் சேகரித்து எண்ணிப் பார்த்தபோது, மக்கபன்ஸ்காட் குகையில் டார்ட் கண்ட பாகுபாடே ஏறக்குறைய அங்கும் இருந்தது. காரணம் மிக எளியது. ஆட்டின் மேற்கையெலும்பில் முழங்கைப் பக்கத்து முனை இளம் வயதிலேயே முற்றி இறுகிவிடுகிறது. தோள் பக்கத்து முனை நெடுநாள் குருத்தாகவும் மென்மையாகவும் இருப்பதால் நாயின் பல்லுக்கு எளிதில் இரையாகிறது. எது கெட்டியோ அது எஞ்சுகிறது. பொறுக்கியெடுத்த கை ஒன்று இருந்ததாக எண்ணுவதற்கு அவசியமே இல்லை. அந்தக் கிராமத்து நாய்களின் இடத்தில், குகைக்கு வந்துபோன கழுதைப்புலிகளையும் முள்ளம்பன்றிகளையும் வைத்துப் பார்த்தால் கணக்கு சரியாகிவிடுகிறது.

பிரெய்ன் 1960-களின் மத்தியில் தொடங்கி ஸ்வார்ட்கிரான்ஸ் குகையில் பல ஆண்டுகள் அகழ்ந்தார். அக்குகையிலிருந்து முன்பே எடுக்கப்பட்டிருந்த மண்டையோடுகளில் ஒன்று, பாராந்திரபஸ் என்னும் கனத்த தாடை கொண்ட ஆதி இனத்துச் சிறுவனுடையது. அதன் பின்புறத்தில் வட்டமான இரண்டு துளைகள் இருந்தன. அதே குகையில் கிடைத்த சிறுத்தையின் தாடையை எடுத்து அதன் இரு கோரைப் பற்களை அத்துளைகளோடு பொருத்திக் காட்டினார் பிரெய்ன், இரண்டும் இசைந்தன. மரமில்லாத அந்த மேட்டு நிலத்தில் குகையின் வாயருகே மட்டும் ஈரம் தங்கி மரங்கள் வளர்வதையும், சிறுத்தை தன் இரையைப் பிற மிருகங்களிடமிருந்து காக்க மரத்தின் மேல் இழுத்துச் சென்று தின்பதையும், தின்று மிஞ்சியவை கீழேயுள்ள குகைப் பிளவுக்குள் விழுவதையும் அவர் விளக்கினார். 1981-இல் அவர் வெளியிட்ட ஆராய்ச்சி நூலின் தலைப்பே, இவர்கள் வேட்டையாடியவர்களா, வேட்டையாடப்பட்டவர்களா என்ற கேள்விதான். டாவுங் குழந்தைக்கும் பின்னர் இதே விதமான விசாரணை நடந்தது. அக்குழந்தையோடு கிடைத்தவை சிறிய பிராணிகளின் எலும்புகளாகவே இருப்பதையும், அவற்றின் மீதுள்ள காயங்களின் தன்மையையும் கவனித்த லீ பெர்கர், ரான் கிளார்க் என்ற இருவர், அதைக் கொன்றது ஒரு பெரிய கழுகாகவே இருக்க வேண்டும் என்று 1995-இல் எழுதினர். கொலைகாரன் என்று நாம் குற்றம் சாட்டிய முன்னோன், பெரும்பாலும் கொலையுண்டவனாகவே இருந்திருக்கிறான். இதைவிடப் பெரிய நியாயத் திருத்தம் ஒன்றை விஞ்ஞான சரித்திரத்தில் காண்பது அரிது என்று எனக்குத் தோன்றுகிறது. அதைச் சாதித்துக் கொடுத்தவை ஆட்டெலும்புகளும் சிறுத்தையின் பல்லுமே.

இனி பன்றியின் விஷயத்துக்கு வருவோம். கென்யாவில் துர்கானா ஏரியின் கிழக்குக் கரையிலுள்ள கூபி ஃபோராவில் 1972-இல் ரிச்சர்ட் லீக்கியின் குழுவினர், அக்காலத்துக்குப் பெரிதென்று சொல்லத்தக்க மூளைக்கூட்டுடன் கூடிய ஒரு மண்டையோட்டைக் கண்டெடுத்தனர். 1470 என்ற பதிவு எண்ணாலேயே அது புகழ்பெற்றது. அது கிடந்த மண்ணடுக்குக்கு மேலே எரிமலைச் சாம்பல் படிந்து இறுகிய அடுக்கு ஒன்று உண்டு. கே பெரன்ஸ்மேயர் என்ற இளம் பெண் விஞ்ஞானி 1969-இல் அங்கே கற்கருவிகளைக் கண்டதால் அவர் பெயரின் முதலெழுத்துக்களோடு, இடம் என்று பொருள்படும் சைட் என்ற ஆங்கிலச் சொல்லின் முதலெழுத்தையும் சேர்த்து அது கேபிஎஸ் சாம்பலடுக்கு என்று அழைக்கப்படுகிறது. எரிமலைச் சாம்பலிலுள்ள பொட்டாசியம் காலக்கிரமத்தில் சிறிது சிறிதாக ஆர்கான் வாயுவாக மாறுவதை அளந்து அதன் வயதைக் கணிக்கும் முறைப்படி, அவ்வடுக்கு சுமார் 26 லட்சம் ஆண்டுகளுக்கு முந்தியது என்று பிரிட்டிஷ் நிபுணர்கள் கூறினர். அப்படியானால் அதற்குக் கீழே கிடந்த மண்டையோடு 29 லட்சம் ஆண்டுப் பழமையுடையது, மனித மூளை நாம் எண்ணியதைவிட வெகு முன்னதாகவே பெருத்துவிட்டது என்று செய்தி பரவியது.

ஏரிக்கு வடக்கே, எத்தியோப்பியாவின் ஓமோ நதிப் பள்ளத்தாக்கில், அடுக்கடுக்காகச் சாம்பல் படிந்து ஒவ்வொன்றின் வயதும் ஒழுங்காகக் கணிக்கப்பட்ட பாறைத் தொடர் ஒன்று இருந்தது. அங்கே கிடைத்த பன்றிகளின் புதைபடிவங்களைப் பேசில் குக் என்பவர் வரிசைப்படுத்தியிருந்தார். பன்றியின் கடைசிக் கடைவாய்ப்பல் ஒரு வியப்பான உறுப்பு. அந்தக் காலத்து ஆப்பிரிக்கப் பன்றி வம்சங்கள் பலவற்றில், யுகத்துக்கு யுகம் அந்தப் பல் பின்புறமாக நீண்டும் உயரமாக வளர்ந்தும் வந்திருக்கிறது. ஆகவே ஒரு பன்றிப் பல்லின் நீளத்தை அளந்தாலே அது எந்தக் காலத்து அடுக்கிலிருந்து வந்தது என்று பெரும்பாலும் சொல்லிவிடலாம். குக் கூபி ஃபோராவின் பன்றிகளை ஓமோவின் பன்றிகளோடு ஒப்பிட்டபோது, கேபிஎஸ் சாம்பலுக்குக் கீழே கிடந்தவை, ஓமோவில் 20 லட்சம் ஆண்டுகளுக்கு முந்திய அடுக்கில் கிடந்த பன்றிகளை ஒத்திருந்தன. யானைகளும் குதிரைகளும் அதையே சொல்லின. ஒரு பக்கம் ஆய்வுக்கூடத்தின் நுட்பமான கருவி, இன்னொரு பக்கம் பன்றிப் பல். சில வருஷங்கள் வரை இரு கட்சியாரிடையே கடும் விவாதம் நடந்தது. பிற ஆய்வுக்கூடங்கள் அந்தச் சாம்பலை மீண்டும் மீண்டும் சோதித்தபோது, பழைய பாறைத் துணுக்குகள் அதில் கலந்திருந்ததாலேயே முதற் கணக்கு பிசகியது என்பது விளங்கிற்று. சுமார் 18 லட்சத்து 80 ஆயிரம் ஆண்டுகள் என்பதே இன்று அனைவரும் ஏற்ற வயது. பன்றி சொன்னதே மெய்யாயிற்று.

அந்தப் பல் ஏன் நீண்டது, ஏன் உயர்ந்தது என்று கேட்டால், காலம் சொல்லும் அதே பல் தேசத்தின் நிலையையும் சொல்லத் தொடங்குகிறது. புல்லில் மணல் துகளும், சிலிக்கா என்னும் கண்ணாடி போன்ற பொருளும் கலந்திருப்பதால் அதை மென்று தின்னும் பிராணிக்குப் பல் விரைவில் தேய்ந்துபோகிறது. ஆதலால் உயரமான, தேய்மானத்துக்கு ஈடு கொடுக்கும் பல் உடையவையே புல்வெளியில் பிழைத்துப் பெருகின. தழை தின்னும் மானின் பல் குட்டை. புல் தின்னும் மானின் பல் நெட்டை. மறைவில் ஒதுங்கி வாழும் மானின் தொடையெலும்புக்கும், வெட்டவெளியில் நெடுந்தூரம் ஓடித் தப்பும் மானின் தொடையெலும்புக்கும் வடிவில் பேதம் உண்டு. பிரிட்டோரியாவில் எலிசபெத் விர்பா என்ற பெண்மணி இன்னொரு வழியைக் கையாண்டார். இன்று ஆப்பிரிக்காவின் சரணாலயங்களில், வில்டபீஸ்ட் முதலிய மான் வகைகளும் கஸல் மான்களும் மொத்த மான் தொகையில் பெரும் பங்கு வகிக்கும் இடம் எப்போதும் திறந்த புல்வெளியாகவே இருக்கிறது. அந்த விகிதத்தைக் குகை எலும்புகளில் கணக்கிட்டதில், ஸ்டெர்க்ஃபான்டைன் குகையில் ஆஸ்திரலோபிதேகஸ் கிடந்த அடுக்கின் காலத்தில் மரச்செறிவு மிகுந்தும், பிற்பட்ட ஸ்வார்ட்கிரான்ஸ் அடுக்கின் காலத்தில் புல்வெளி மிகுந்தும் இருந்ததாகத் தெரியவந்தது. இதிலிருந்து விர்பா 1985-இல் ஒரு பெரிய கொள்கையையே அமைத்தார். சுமார் 25 லட்சம் ஆண்டுகளுக்கு முன் வடதுருவப் பிரதேசங்களில் பனி பரவியபோது ஆப்பிரிக்கா வறண்டது. அந்த ஒரே அதிர்ச்சியில் பழைய மான் இனங்கள் பல அழிந்து புதியவை தோன்றின. நம்முடைய ஹோமோ வம்சமும் அந்த அலையிலேயே பிறந்தது என்றார். கம்பீரமான எண்ணம்தான். எனினும் பெரன்ஸ்மேயரும் அவருடைய கூட்டாளிகளும் துர்கானா பகுதியின் பாலூட்டிகளை எண்ணிப் பார்த்து 1997-இல் வெளியிட்ட முடிவின்படி, அங்கே அம்மாற்றம் ஒரே அதிர்ச்சியாக நிகழாமல் 30 லட்சம் ஆண்டுகளுக்கு முன்னிருந்து 18 லட்சம் ஆண்டுகளுக்கு முன்வரை மெல்ல மெல்லப் பரவி நிகழ்ந்திருக்கிறது.

பல்லின் வடிவத்துக்கு அப்பால், பல்லின் பொருளையே சோதிக்கும் முறை ஒன்று பின்னர் வந்தது. இதை நம் வாசகர்கள் புரிந்துகொள்வது கடினமன்று. செடிகொடிகள் காற்றிலிருந்து கரியைக் கவரும் வழியில் இரு பெரும் பிரிவுகள் உண்டு. மரங்கள், புதர்கள், நெல், கோதுமை ஆகியவை ஒரு பிரிவு. கம்பு, சோளம், கேழ்வரகு, கரும்பு, வெப்பநாட்டுப் புற்களில் பெரும்பாலானவை மற்றொரு பிரிவு. கரியில் சாதாரண அணுவும் சற்றே கனமான அணுவும் உண்டல்லவா? முதற் பிரிவுத் தாவரங்களைவிட இரண்டாம் பிரிவில் அந்தக் கனமான அணு கூடுதலாக இருக்கிறது. தாவரத்தைத் தின்னும் பிராணியின் உடலிலும், பல் உருவாகும் பருவத்தில் அதன் எனாமலிலும், அந்த விகிதமே பதிந்துவிடுகிறது. எனாமல் மிகக் கெட்டியான பொருளாதலால் லட்சக்கணக்கான ஆண்டுகளுக்குப் பின்னும் அது மாறுவதில்லை. ஆகவே ஒரு சிறு துளி எனாமல் தூளைச் சோதித்து, அந்தப் பிராணி தழை தின்றதா, புல் தின்றதா என்று சொல்லிவிடலாம்.

இம்முறையின் வளர்ச்சியில் நம்முடைய துணைக்கண்டத்துக்கும் ஒரு பங்கு உண்டு. இமயத்தின் அடிவாரத்திலுள்ள சிவாலிக் குன்றுகளின் தொடர்ச்சியாக இன்றைய பாகிஸ்தானில் போட்வார் மேட்டுநிலம் இருக்கிறது. அங்குள்ள பண்டைய மண்ணிலிருந்த சுண்ணாம்பு முடிச்சுகளைச் சோதித்த ஜே குவேட், துரே செர்லிங் முதலியோர், சுமார் 70 லட்சம் ஆண்டுகளுக்கு முன் அங்கே மரங்களின் ஆட்சி மறைந்து புல்லின் ஆட்சி நிலைபெற்றதை 1989-இல் எடுத்துக்காட்டினர். இந்தச் சிவாலிக் குன்றுகள்தாம் ஒரு காலத்தில் மனிதனின் பிறப்பிடமென்றே கருதப்பட்டவை. அக்குன்றுகளிலுள்ள ஹரிதல்யங்கர் என்னுமிடத்தில் 1932-இல் கிடைத்த தாடைத் துண்டொன்றுக்கு ராமபிதேகஸ் என்று பெயரிட்டு, அதையே நம் முதல் மூதாதையாக அறிஞர்கள் பல்லாண்டு போற்றிவந்தனர். போட்வாரில் கிடைத்த சிவபிதேகஸின் முழு முகம் 1982-இல் விவரிக்கப்பட்டபோது, அது ஒராங்உட்டானின் சாயலுடையது, நம் வழியில் வந்ததன்று என்பது தெளிவாயிற்று. மனித மூதாதை என்ற பட்டம் பறிபோனாலும் சிவாலிக்கின் பெருமை குறையவில்லை. ஆப்பிரிக்காவில் ஆதி மனிதனோடு உலவிய, கிளைத்த கொம்புகளையுடைய பருத்த ஒட்டகச்சிவிங்கி இனமான சிவதேரியம், 1836-இல் சிவாலிக் குன்றுகளிலிருந்தே முதன்முதல் விவரிக்கப்பட்டு, சிவபெருமானின் பெயரையும் தாங்கி நிற்கிறது.

எனாமல் சோதனை தந்த சில தீர்ப்புகள் எதிர்பாராதவை. இன்றைய ஆப்பிரிக்க யானை பெரும்பாலும் தழையும் பட்டையும் தின்கிறது. ஆனால் 20 லட்சம் ஆண்டுகளுக்கு முன் கிழக்கு ஆப்பிரிக்காவில் உலவிய யானை இனங்கள் முக்கியமாகப் புல்லையே தின்றன. இன்னொன்று மனிதக் கிளையைப் பற்றியது. 1959-இல் தான்சானியாவின் ஓல்டுவாய் பள்ளத்தாக்கில் மேரி லீக்கி கண்டெடுத்த, பிரம்மாண்டமான கடைவாய்ப் பற்களையுடைய பாராந்திரபஸ் பாய்சியைக் கண்டவர்கள், அது கெட்டியான கொட்டைகளை உடைத்துத் தின்றிருக்கும் என்று எண்ணி அவ்வாறே அதற்குச் செல்லப் பெயரும் வைத்திருந்தனர். எனாமலைச் சோதித்தபோது, அதன் உணவில் முக்கால் பங்குக்கு மேல் புல், கோரை வகைகளே என்று 2011-இல் வெளியாயிற்று. பல்லின் தோற்றத்தைக் கண்டு ஆகாரத்தை ஊகிப்பது எவ்வளவு ஆபத்தானது என்பதற்கு இதைவிட வேறு சான்று வேண்டுமா?

ஆயினும் எல்லாச் சாட்சிகளும் ஒரே வாக்குமூலம் கொடுப்பதில்லை. அராமிஸைத் தோண்டிய டிம் வைட்டும் அவருடைய எத்தியோப்பியத் தோழர்களும் 2009-இல் தம் முடிவுகளை வெளியிட்டபோது, அங்கே தழை தின்னும் கூடு என்னும் மான்களும், மரத்தைவிட்டு எளிதில் இறங்காத கோலபஸ் குரங்குகளும் மிகுதியாக இருப்பதைச் சுட்டிக்காட்டி, அது மரங்கள் செறிந்த வனப்பகுதியே என்றும், மனித வம்சம் இரண்டு கால்களில் நிற்கத் தொடங்கியது புல்வெளியில் அன்று என்றும் வாதித்தனர். அடுத்த ஆண்டே செர்லிங்கும் வேறு சிலரும் அதே இடத்தின் மண்ணையும் பற்களையும் காட்டி, அங்கே மரநிழல் நான்கில் ஒரு பங்குக்கு மேல் இருந்திராது, அது மரங்கள் சிதறிய புல்வெளியே என்று மறுத்தனர். இரு தரப்பாரும் நேர்மையான விஞ்ஞானிகள். இரு தரப்பின் ஆதாரமும் அசல்தான். ஆற்றோரமாக மரவரிசையும் அதற்கப்பால் புல்லும் கலந்த தேசத்தில், எந்தப் பிராணி எந்த இடத்தில் செத்து எந்த இடத்தில் புதைந்தது என்பதைப் பொறுத்துச் சாட்சியம் மாறும் என்பதே என் அபிப்பிராயம்.

இவ்விதச் சந்தேகங்களைத் தீர்க்கத்தான் பெரன்ஸ்மேயர் 1975 முதல் கென்யாவின் அம்போசெலி வனத்தில், இன்று சாகும் மிருகங்களின் எலும்புகளைத் தேடி நடந்துவந்திருக்கிறார். வெயிலில் எலும்பு எத்தனை ஆண்டில் வெடிக்கிறது, எப்போது செதிலாய் உதிர்கிறது, முயல் எலும்பு எவ்வளவு விரைவில் மறைந்து எருமை எலும்பு எவ்வளவு காலம் தங்குகிறது என்பதையெல்லாம் பார்த்து எழுதி வைத்தார். உயிரோடிருந்த கூட்டத்துக்கும் மண்ணில் எஞ்சிய கூட்டத்துக்கும் உள்ள வித்தியாசத்தை அறிந்தவனுக்கே புதைபடிவத்தைப் படிக்க யோக்கியதை உண்டு.

சில வேளைகளில் எலும்பின் உதவியே வேண்டியிருப்பதில்லை. தான்சானியாவின் லேட்டோலியில் 36 லட்சத்து 60 ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் எரிமலைச் சாம்பல் பொழிந்து, மெல்லிய மழை பெய்து, ஈரச் சாம்பல் இறுகியபோது, அதன் மேல் நடந்த யானை, ஒட்டகச்சிவிங்கி, முயல், கினிக்கோழி, ஹிப்பாரியன் என்னும் மூவிரல் குதிரை ஆகியவற்றின் சுவடுகளும், மழைத் துளியின் வடுக்களும் அப்படியே கல்லாகிவிட்டன. மேரி லீக்கியின் குழுவினர் 1976-இல் மிருகச் சுவடுகளையும், 1978-இல் அவற்றினிடையே இரண்டு கால்களில் நடந்தவர்களின் சுவடுகளையும் கண்டனர். ஒரே சாம்பலில், சில நாட்களின் இடைவெளிக்குள், அந்த அயலார் எல்லோரும் நடந்திருக்கிறார்கள்.

ஓல்டுவாயில் கதை திரும்புகிறது. சுமார் 18 லட்சத்து 40 ஆயிரம் ஆண்டுகளுக்கு முந்திய ஓரடுக்கில், கற்கருவிகளோடு மான், பன்றி, குதிரை முதலியவற்றின் எலும்புகள் ஆயிரக்கணக்கில் குவிந்து கிடந்தன. 1981-இல் அவ்வெலும்புகளை நுண்பெருக்கியில் வைத்துப் பார்த்த ஆராய்ச்சியாளர்கள், கல்லின் கூர் விளிம்பு இழுத்துச் சென்ற நுண்ணிய கீறல்களை அவற்றில் கண்டனர். மிருகத்தின் பல் ஏற்படுத்தும் தடத்திலிருந்து அவை வேறானவை. உள்ளே இருக்கும் மஜ்ஜைக்காக எலும்பைக் கல்லால் உடைத்த தடங்களும் இருந்தன. சில எலும்புகளில் கீறலும் உண்டு, கழுதைப்புலியின் பற்குறியும் உண்டு. சிறுத்தையின் வாயில் கிடந்த குலம், கழுதைப்புலியோடு ஒரே எலும்புக்குப் போட்டியிடும் நிலைக்கு வந்துவிட்டது. அதற்கப்புறம் என்ன நடந்தது என்பதில் இன்றும் விவாதம் உண்டு. கிழக்கு ஆப்பிரிக்காவில் சுமார் 20 லட்சம் ஆண்டுகளுக்குப் பின் வாட்பல் பூனைகளும் பிற பெரிய மாமிசபட்சிணிகளும் குறைந்ததற்கு நம் முன்னோரின் போட்டியே காரணமாகலாம் என்று லார்ஸ் வெர்டெலின் போன்றோர் கருதுகின்றனர். பெரிய தாவரபட்சிணிகளின் வீழ்ச்சியோ 46 லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே தொடங்கிவிட்டது; புல்வெளி விரிந்ததே அதற்குக் காரணம், மனிதன் அல்லன் என்று 2018-இல் வேறொரு குழு நிறுவியது. எப்படியாயினும், ஆயிரம் கிலோவுக்கு மேல் எடையுள்ள தாவரபட்சிணிகள் அக்காலத்தில் அங்கே பல இனங்களாக இருந்தன. இன்று யானை, நீர்யானை, ஒட்டகச்சிவிங்கி, இருவகைக் காண்டாமிருகங்கள் என ஐந்தே மிஞ்சியிருக்கின்றன.

இத்தனையையும் சேர்த்துப் பார்க்கையில், காட்டிலிருந்து ஒரே நாளில் புல்வெளிக்கு இறங்கி வெற்றிவாகை சூடிய வீரனாக ஆதி மனிதனை நாம் இனிக் கற்பனை செய்வதற்கில்லை. மரமும் புல்லும் நீரும் கலந்து, மழைக்கேற்ப ஓயாமல் மாறிக்கொண்டிருந்த தேசங்களில், பன்றியும் மானும் எதிர்கொண்ட அதே கஷ்டங்களை எதிர்கொண்டு, அவற்றைப் போலவே பல கிளைகள் அழியச் சில கிளைகள் பிழைத்த ஒரு பாலூட்டிக் குலமே நம்முடையது என்பதுதான் எலும்புகள் தரும் தீர்ப்பு.

நம் நாட்டில் இந்த விசாரணை இன்னும் பாலியப் பருவத்திலேயே இருக்கிறது. நர்மதைப் பள்ளத்தாக்கில் யானை, எருமை, நீர்யானை முதலியவற்றின் புதைபடிவங்கள் மிகுதியாகக் கிடைக்கின்றன. ஆனால் அங்கே ஹத்னோரா கிராமத்தருகே அருண் சொனாக்கியா 1982-இல் கண்டெடுத்த ஆதி மனித மண்டையோட்டின் வயது குறித்து இன்றளவும் ஒருமித்த முடிவு ஏற்படவில்லை. அவ்விடத்து மண்ணடுக்குகளையும் மிருக எலும்புகளையும் மேலும் நுணுகி ஆராய்ந்தால்தான் அது ஏற்படும். கல்கத்தாவுக்குச் செல்லும் அன்பர்கள் இந்தியன் மியூசியத்திலுள்ள சிவாலிக் கூடத்துக்குச் சென்று அந்தப் பழைய பிராணிகளின் தாடைகளையும் பற்களையும் நிதானமாகப் பார்த்துவர வேண்டுகிறேன். ஆற்றுப் படுகையிலோ கல் உடைக்கும் இடத்திலோ குகையிலோ கல்லாகிப்போன எலும்போ பல்லோ கண்ணில் பட்டால், அதைப் பெயர்த்து வீட்டுக்குக் கொண்டுபோய் அலமாரியில் வைக்காமல், கிடந்த இடத்திலேயே விட்டு, இடத்தைக் குறித்துக்கொண்டு, புவியியல் துறையினருக்கோ அருகிலுள்ள பல்கலைக்கழகத்துக்கோ தெரிவியுங்கள். அது மனித எலும்பாக இருக்க வேண்டுமென்பதில்லை; பன்றிப் பல்லாக இருந்தாலும் போதும்.